நாலாம் ஷிப்டுக்கு இறங்கிய மாப்ளைக்கு

என் தூங்குமூஞ்சி மாப்ள இளங்கோ,

நலம், நலமறிய ஆவல் என்று தொடங்க வேண்டும். அதில் பாதி எனக்குப் பொருந்தாது, மீதி உனக்குப் பொருந்தாது. விட்டுவிடுவோம்.

இன்று ஞாயிற்றுக்கிழமை. சிங்கப்பூர் தேக்கா மார்க்கெட்டின் மேல்மாடியில், தையல்கடைகளுக்குப் பக்கத்துப் படிக்கட்டில் உட்கார்ந்து எழுதுகிறேன். கீழே நாம் வழக்கமாக டீ குடிக்கும் கடைக்காரர் உன்னை அடிக்கடி விசாரிப்பார். "எங்கப்பா உன் ஜோடி? ஆளையே காணோம் லா" என்பார். ஊருக்குப் போயிருக்கான் என்று சொல்லிக்கொண்டிருந்தேன். முழுப் பொய்யும் இல்லை, விமானத்தில்தானே போனாய். இன்று கேட்டபோது "செத்துட்டான் அண்ணே" என்று சொல்லிவிட்டேன். டீ ஆற்றிக்கொண்டிருந்தவர் அப்படியே நின்று என் முகத்தைப் பார்த்தார். அந்த ஒரு வார்த்தையைச் சொல்ல எனக்கு இத்தனை மாதம் ஏன் ஆனது என்பதைத்தான் உனக்கு எழுத வந்தேன்.

ஞாயிறுதோறும் இங்கே எழுத ஆசைப்படுகிற நம்ம ஆட்கள் கொஞ்சம் பேர் கூடுகிறார்கள். இறந்துபோன ஒருவருக்குக் கடிதம் எழுதிவந்து எல்லோர் முன்னாலும் வாசிக்க வேண்டும் என்றார்கள். மற்றவர்கள் அப்பாவுக்கும் வாத்தியாருக்கும் எழுதுகிறார்கள். எனக்கு வாய்த்தது நீ. கேட்பவர்களுக்குப் புரிய வேண்டும் என்பதால் உனக்குத் தெரிந்த கதையையே உன்னிடம் திரும்பச் சொல்வேன். "இது எனக்குத் தெரியாதாக்கும்" என்று மேலே இருந்து காலை ஆட்டாதே.

மேலே என்று கைதவறி எழுதிவிட்டேன். நான் சொல்ல வந்தது மேல்கட்டில். டார்மிட்டரியில் உனக்கு மேல், எனக்குக் கீழ். உன் கால் என் முகத்துக்கு நேரே தொங்கும்.

நீ கடலூர்ப் பக்கம், நான் சிவகங்கைப் பக்கம். ஊரில் இருந்தவரை ஒருவர் முகம் ஒருவருக்குத் தெரியாது. ஜூரோங்கில் ஷிப்யார்டுக்கு வந்த பிறகுதான் நீ மாப்ள, நான் மச்சான். இரண்டு பேரும் பெயின்டர்கள். பெயின்டர் என்றால் கரையில் நின்று கப்பலின் வெளிப்பக்கம் அடிப்பவன் என்று தனம் ரொம்ப நாள் நினைத்துக்கொண்டிருந்தாள் என்பாய். தனம் உன் மனைவி, ஊரில் இருக்கிறாள், உன் மகள் மகிழினியோடு. நாம் இறங்கியது கப்பலின் வயிற்றில் இருக்கும் டேங்குகளுக்குள். ஒரு ஆள் நுழையும் அளவு வட்ட ஓட்டை. உள்ளே இருட்டு, பெயின்ட் வாடை, வேர்வை.

அந்த வேலைக்கு ஒரு சட்டம் உண்டு. ஒருவன் உள்ளே இறங்கினால் இன்னொருவன் ஓட்டை வாயில் நிற்க வேண்டும். அவனுக்கு ஸ்டாண்ட்பை என்று பெயர். உள்ளே இருப்பவன் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டுக்கொண்டே இருக்க வேண்டும், பதில் வந்துகொண்டே இருக்க வேண்டும். அது ஒன்றுதான் அவன் வேலை. பெயின்ட் தொடக் கூடாது, போன் பார்க்கக் கூடாது. நீ உள்ளே இருந்தபடி சினிமாப் பாட்டை மாற்றிப் பாடி எனக்குப் பதில் சொல்வாய். சூப்பர்வைசர் மணியம் தலையில் அடித்துக்கொள்வார்.

நம் கனவு விளையாட்டு எப்போது ஆரம்பித்தது என்று ஞாபகம் இருக்கிறதா? மழைநாள். லாரியில் தார்ப்பாய்க்குக் கீழே எல்லோரும் முட்டி மடக்கி உட்கார்ந்திருந்தோம். பூன் லே தாண்டும்போது நீ சொன்னாய், "நேத்து கனவுல ஒரு மாடிப்படி மச்சான். மஞ்சக் கலர். எங்க போவுதுன்னே தெரியல." எனக்குச் சில்லென்றது, நானும் அதையேதான் பார்த்திருந்தேன். நம் அறை ராஜாமணி அண்ணன் நமக்கு எதிரே உட்கார்ந்திருந்தார். "நாளெல்லாம் மஞ்சக் கைப்பிடிக்குப் பெயின்ட் அடிச்சவனுங்களுக்குக் கனவுல ரம்பையா வருவா?" என்றார். அவர் சொன்னது நியாயமாகத்தான் இருந்தது. ஆனால் நீ விடவில்லை.

அன்று படுக்கும் முன் மேலே இருந்து குனிந்து, "ஒரு பஸ்ஸு நெனச்சுக்க. சீட்டு வச்ச பஸ்ஸு. நீல சீட்டு" என்றாய். காலையில் பல் துலக்கும் இடத்தில் கேட்டாய், "கை உள்ள போச்சா, பட்டுச்சா?" பட்டது என்றேன். சீட்டின் ரெக்சின் கையில் பட்டது. சத்தியமாகப் பட்டது மாப்ள. இன்றைக்கும் அதை நான் மறுக்கமாட்டேன்.

அப்படியே ஒவ்வொன்றாகக் கட்டினோம். தனியாக ஒருவன் நினைத்தது அங்கே பார்க்க இருக்கும், தொட்டால் கை உள்ளே போய்விடும். இரண்டு பேரும் சேர்ந்து நினைத்தது நிற்கும், சாயலாம், உட்காரலாம். இதை ஏதோ விஞ்ஞானி மாதிரி நீ எல்லோரிடமும் விளக்குவாய். ஒருமுறை பிரியாணி நினைத்தோம். நான் மட்டன், நீ கோழி, அதைப் பேசி முடிவுசெய்யாமல் தூங்கிவிட்டோம். தட்டில் கை பாதி போய்ப் பாதியில் நின்றது. மறுநாள் முழுக்க அதற்குச் சண்டை போட்டோம்.

காலை ஷிப்ட், மாலை ஷிப்ட், நைட் ஷிப்ட், அதற்கு அப்புறம் இருப்பதால் அந்தக் கனவு இடத்துக்கு நாலாம் ஷிப்ட் என்று பெயர் வைத்தாய். தூக்கத்திலும் நமக்கு வேலைப் பெயர்தான் வாய்த்தது. அங்கே என்னவெல்லாம் இருந்தது! ஏற்கெனவே பெயின்ட் அடித்துவந்த கப்பல். வரிசையில் நிற்காமல் குளிக்கிற குழாய். எல்லாவற்றுக்கும் மேல் உன் அறை, உள்பக்கம் தாழ்ப்பாள் போட்டுக்கொண்டு ஒரே ஒரு ஆள் மட்டும் இருக்கிற அறை. பத்துப் பன்னிரண்டு பேர் படுக்கிற அறையில் இருப்பவனுக்குத்தான் அதன் அருமை தெரியும்.

படுக்கும் முன் நீ "எறங்குறேன் மச்சான்" என்பாய். நான் "ஸ்டாண்ட்பை" என்பேன். காலையில் நான் கூப்பிட்டால் "வெளிய வந்துட்டேன்" என்று பதில் வரும். விளையாட்டாக ஆரம்பித்து வழக்கமாகிவிட்டது.

ஞாயிற்றுக்கிழமை வீடியோ காலில் இதையெல்லாம் தனத்திடம் அளந்துவிட்டிருக்கிறாய். அவள் சிரிப்பாள் என்று பார்த்தால் சண்டைக்கு வந்தாள். "உள்ள தாப்பா போட்டுக்கிட்டா நான் எப்படி வர்றதாம்? எனக்கு ஒரு சாவி நெனைங்க" என்றாள். நீங்கள் இரண்டு பேரும் சேர்ந்து ஒரு சாவி நினைத்தீர்கள். அந்தச் சாவி என் கைக்கு மட்டும் கடைசிவரை படவில்லை. அது முறைதான். புருஷன் பெண்டாட்டி சாவியில் எனக்கென்ன வேலை?

அப்புறம் அந்தத் திங்கட்கிழமை.

கீழே லாரி ஹாரன் அடித்துக்கொண்டிருந்தது. "வெளிய வந்துட்டியாடா" என்று கூப்பிட்டேன். பதில் இல்லை. தூங்குமூஞ்சி என்று திட்டிக்கொண்டே படுத்தபடி காலால் உன் பலகையை உதைத்தேன். அப்புறம் இன்னொரு முறை, பலமாக. ராஜாமணி அண்ணன்தான் ஏணியில் ஏறிப் பார்த்தார். உன் மேல் கையை வைத்தவர் உடனே எடுத்துக்கொண்டார். என்னைப் பார்த்து வேண்டாம் என்பதுபோல் தலையை ஆட்டினார்.

தூக்கத்தில் இதயம் நின்றுவிட்டது என்றார்கள். ஏன் நின்றது என்று கேட்டேன். சில பேருக்கு அப்படி ஆகும் என்றார்கள். முந்தின நாள் சாயந்திரம் பந்து விளையாடிய ஆளுக்கா என்று கேட்டேன். டாக்டர் பாவம், நல்ல மாதிரி, என் தோளைத் தொட்டார். 

உன்னை ஊருக்கு அனுப்பும் முன் பார்த்துக்கொள்ளலாம் என்று எங்களை லாரியில் கூட்டிப் போனார்கள். எல்லோரும் உள்ளே போய் வரிசையாகப் பார்த்தார்கள். நான் வாசலில் செருப்புகளுக்குப் பக்கத்தில் நின்றுகொண்டேன். என்னால் முடியவில்லை மாப்ள. அங்கே தனத்துக்கும் அதே கதிதான். மூடி போட்டு அடைத்த பெட்டி வந்து இறங்கியது. திறக்க வேண்டாம், நாள் ஆகிவிட்டது என்று பெரியவர்கள் சொல்லியிருக்கிறார்கள். அவள் பெட்டியைத்தான் கட்டிக்கொண்டாள். அழவில்லை என்று கேள்விப்பட்டேன். பலகையைக் கட்டிக்கொண்டு யாரால் அழ முடியும்?

அதற்குப் பிறகு அறையே மாறிப்போனது. "தூங்கப் போறேன்" என்று யாரும் சொல்வதில்லை, "கொஞ்சம் சாயுறேன்" என்கிறார்கள். நம்மைக் கிண்டல் செய்த ராஜாமணி அண்ணன் படுக்கையில் முதுகைச் சாய்த்து உட்கார்ந்தபடியே தூங்கப் பழகிவிட்டார். உன் கட்டிலுக்கு இன்னும் ஆள் வரவில்லை. எல்லோரும் அதில் பை வைத்திருக்கிறார்கள்.

நான் நாலாம் ஷிப்டுக்குப் போய்ப் பார்த்தேன். எல்லாம் அப்படியே தெரிந்தது, எதிலும் கை நிற்கவில்லை. பஸ் சீட்டுக்குள் கை போனது, குழாய்க்குள் கை போனது. ஒருவன் மட்டும் நினைத்தால் எதுவும் நிற்காது என்பது நீ போட்ட சட்டம்தானே. உன்னை நினைத்துப் பார்க்க எனக்குத் தைரியம் வரவில்லை. உனக்குள்ளும் கை போய்விட்டால் நான் என்ன செய்வது?

தனம் போன் செய்தது ஒரு ஞாயிறு மத்தியானம். அன்று இதே தேக்காவில், காய்கறிக் கூட்டத்துக்கு நடுவில் நின்றுகொண்டிருந்தேன்.

"அண்ணே, அவரு அங்கதான இருக்காரு?" என்றாள்.

"எங்கம்மா?"

"நாலாம் ஷிப்டுலதான். நான் தெனம் போறேன்ணே. ரூமு வாசல்ல நிக்கிறாரு. பேசமாட்டேங்குறாரு. தொட்டா கை உள்ள போயிருது."

 பக்கத்தில் ஒரு அம்மா முருங்கைக்காய் பேரம் பேசிக்கொண்டிருந்தார்.

"நான் ஒருத்தி நெனைக்கிறேன்ல, அதான்ணே. ரெண்டாவது ஆளு வேணும். நீங்களும் நெனைங்க. நான் நேரம் சொல்றேன், அந்த நேரத்துக்கு நீங்களும் படுங்க. ஒரே ஒரு தடவ கை படணும். வேற எதுவும் கேக்கமாட்டேன்."

யோசித்துச் சொல்கிறேன் என்று வைத்துவிட்டேன். யோசிக்க என்ன இருக்கிறது? எனக்கும் அதே ஆசைதான். உன் தோளில் ஓங்கி ஒரு அடி அடித்து, ஏண்டா இப்படிச் செய்தாய் என்று கேட்க வேண்டும். அந்த வாரம் லாரியில் போகும்போதெல்லாம் வேறு நினைப்பே இல்லை. சரி என்று சொல்லத்தான் இருந்தேன்.

அப்போதுதான் தனத்தின் தங்கை கவிதா பேசினாள். தனம் எழுந்திருப்பதே இல்லையாம். தூக்கத்துக்கு டாக்டர் கொடுத்த மாத்திரையைப் பகலிலும் போட்டுக்கொள்கிறாளாம். குளிப்பதில்லை, சாப்பிடுவதில்லை. கவிதா சொன்ன இன்னொன்றையும் எழுதிவிடுகிறேன். பக்கத்து வீட்டார் யாரோ அம்மா எங்கே என்று மகிழினியைக் கேட்டிருக்கிறார்கள். "அம்மா ஷிப்டுக்குப் போயிருக்கு, அப்பாகிட்ட" என்று பிள்ளை சொல்லியிருக்கிறது.

மறுநாள் காலை வேலை ஆரம்பிக்கும் முன் வழக்கமான பாதுகாப்புப் பேச்சு. மணியம் சிங்கப்பூரில் பிறந்து வளர்ந்தவர், நம்மோடு பேசும்போதும் பாதி இங்கிலீஷ்தான் வரும் என்பது உனக்குத் தெரியும். ஸ்டாண்ட்பை ஆட்களை முன்னால் கூப்பிட்டு நிறுத்தினார். "கேட்டுக்கோங்க. உள்ள இருக்கிறவன் விழுந்துட்டான். பதில் வரலே. நீ என்ன செய்வே? இறங்குவே. எல்லாரும் அதான் செய்வான், லவ் இருக்கு இல்ல. அவனுக்கு என்ன ஆச்சோ அதே உனக்கும் ஆகும். அப்புறம் உன் பின்னாலே இன்னொருத்தன் இறங்குவான். மூணு பாடி. சொந்த அண்ணனா இருந்தாலும் நீ உள்ள போகக் கூடாது லா. வெளியே நின்னு கூப்பிடு. கத்து. ஆனா இறங்காதே."

எத்தனையோ தடவை கேட்ட பேச்சு. ஒரு தடவைகூட நாம் காது கொடுத்ததில்லை, நீ பின்னால் நின்று என் ஹெல்மெட்டைத் தட்டிக்கொண்டிருப்பாய். அன்று ஒரு வார்த்தை விடாமல் கேட்டேன். நீ விழுந்துவிட்டாய். தனம் ஓட்டைக்குள் பாதி இறங்கிவிட்டாள். என்னையும் இறங்கச் சொல்கிறாள். அவளுக்குப் பின்னால் ஒரு சின்னப் பிள்ளை நிற்கிறது.

சாப்பாட்டு நேரத்தில் போன் போட்டேன். "நான் நெனைக்கமாட்டேன்மா" என்றேன்.

"ஏன்?"

"கை பட்டுட்டா நீ திரும்பி வரமாட்ட."

"அதப்பத்தி உங்களுக்கு என்ன? நீங்க யாரு அவருக்கு? ஒரே ரூமுல படுத்தீங்க, அவ்வளவுதான? உசுரோட இருந்தவரைக்கும் மாப்ள மாப்ளன்னு ஒட்டிக்கிட்டுத் திரிஞ்சீங்க. இப்ப ஒரு நெனப்புக்குக்கூட ஒதவமாட்டீங்களா?"

வைத்துவிட்டாள். சோற்றுப் பொட்டலத்தை அப்படியே மூடி வைத்தேன். உன்மேல்தான் எனக்குக் கோபம் வந்தது. சாவி நினைத்துக் கொடுத்தவன் நீ. பூட்டிவிட்டுப் போக வேண்டாமா?

அதற்குப் பிறகு என் போனை அவள் எடுக்கவில்லை. ஒரு நாள் கவிதாவிடமிருந்து தகவல் வந்தது. தனத்தை எழுப்பியும் எழவில்லை, ஆட்டோவில் தூக்கிப் போட்டு ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார்கள் என்று. பிழைத்துக்கொண்டாள் மாப்ள. பதறாதே, பிழைத்துக்கொண்டாள். சாக வேண்டும் என்று செய்யவில்லையாம், இன்னும் கொஞ்ச நேரம் அங்கே இருக்க வேண்டும் என்று செய்தாளாம். டாக்டரிடம் அப்படித்தான் சொல்லியிருக்கிறாள். இரண்டுக்கும் என்ன வித்தியாசம் என்று எனக்கு விளங்கவில்லை.

இறங்கமாட்டேன் என்று சொன்னதோடு என் வேலை முடிந்துவிட்டதாக நினைத்திருந்தேன். ஸ்டாண்ட்பைக்கு இன்னொரு வேலையும் உண்டே, கூப்பிடுவது. அன்றிலிருந்து ஒவ்வொரு சாப்பாட்டு இடைவேளையிலும் தனத்துக்குப் போன் போட்டேன். எடுக்கமாட்டாள். "தனம், பாண்டி பேசுறேன்" என்று மட்டும் வாய்ஸ் மெசேஜ் அனுப்புவேன். மறுநாளும் அதையே அனுப்புவேன். பக்கத்தில் உட்கார்ந்து சாப்பிடும் பையன்கள் எனக்கு மறை கழன்றுவிட்டது என்று பேசிக்கொண்டார்கள். பேசட்டும்.

ஒரு நாள் எடுத்தாள். குரல் கிணற்றுக்குள்ளிருந்து வந்தது.

"எதுக்குண்ணே கூப்ட்டுக்கிட்டே இருக்கீங்க?"

"பதில் வர்ற வரைக்கும் கூப்பிடணும்மா. அதுதான் என் வேல."

 அவள் போனை வைக்கவில்லை. எனக்கே எங்கிருந்து வந்தது என்று தெரியவில்லை, கேட்டுவிட்டேன்.

"தனம், நீ கேட்டபடி சேர்ந்து நெனப்போம். ஆனா நான் சொல்றத நெனைக்கணும்."

"என்ன?"

"அவன் செத்துட்டான்னு."

"அந்த வார்த்தையச் சொல்லாதீங்க."

"நானும் இப்பதான் மொத தடவ சொல்றேன். நீயும் அவனப் பாக்கல, நானும் பாக்கல. நீ பெட்டியப் பாத்த, நான் செருப்பப் பாத்தேன். ஒண்டியா நெனச்சா அது உனக்கும் நிக்கமாட்டேங்குது, எனக்கும் நிக்கமாட்டேங்குது. ரெண்டு பேரும் சேர்ந்து நெனச்சா நிக்கும்."

"நின்னா?"

"கை படும்."

 "சரி" என்றாள். "மாத்திரை போடாம வர்றேன்."

போன ஞாயிறு மத்தியானம். அங்கே தனத்துக்குப் பக்கத்தில் கவிதாவை உட்காரச் சொல்லியிருந்தேன், அரைமணிக்கு ஒரு தடவை பெயர் சொல்லிக் கூப்பிட வேண்டும் என்று. இங்கே அறை காலி, எல்லோரும் தேக்காவுக்குக் கிளம்பிவிட்டார்கள். ராஜாமணி அண்ணன் மட்டும் சட்டை போட்டுக்கொண்டு கிளம்பியவர் என்னைப் பார்த்துவிட்டு நின்றார்.  அறைக்குள் நடப்பதெல்லாம் அவருக்குத் தெரியும். ஒரு ஸ்டூலை இழுத்து என் கட்டிலுக்குப் பக்கத்தில் போட்டார். "நீ எறங்கு. நான் நிக்கிறேன்" என்றார். நம்மை அவ்வளவு கேலி பேசிய மனுஷன்.

படுத்துக் கண்ணை மூடினேன். நாலாம் ஷிப்டில் பஸ் இல்லை, கப்பல் இல்லை, உன் அறையும் இல்லை. வெறும் சிமெண்டுத் தரை. நீ மல்லாந்து படுத்திருந்தாய், கைலியும் அந்தக் கிழிந்த பனியனுமாக. பேசவில்லை, சிரிக்கவில்லை. நான் உட்கார்ந்து உன் மார்பில் கையை வைத்தேன். கை உள்ளே போகவில்லை. நின்றது. உன் உடம்பு கல்லாகக் கிடந்தது, சூடே இல்லை. கையை எடுக்காமல் வைத்திருந்தேன். அப்போது உன் நெற்றியில் விழுந்திருந்த முடி மெல்ல ஒதுங்கியது. ஒதுக்கியது நான் இல்லை மாப்ள.

"பாண்டி, பாண்டி" என்று ராஜாமணி அண்ணன் கூப்பிட்டுக்கொண்டிருந்தார். "வந்துட்டேன்" என்றேன். என் முகமெல்லாம் நனைந்திருந்தது. அவர் தன் தோளில் கிடந்த துண்டை எடுத்துக் கொடுத்தார்.

போன் அடித்தது. தனம்.

"நெத்தி ஜில்லுன்னு இருந்துச்சுண்ணே" என்றாள். அவ்வளவுதான் சொன்னாள். அப்புறம் அழ ஆரம்பித்தாள். பெட்டி வந்தபோது அழாதவள், ஆஸ்பத்திரியில் அழாதவள், வாய்விட்டு உன் பெயரைச் சொல்லி அழுதாள். கேட்டுக்கொண்டிருக்க முடியவில்லை, வைக்கவும் மனம் வரவில்லை. நானும் அழுதேன். ராஜாமணி அண்ணன் எழுந்துபோய் ஜன்னல் பக்கம் திரும்பி நின்றுகொண்டார்.

இது என் மனப்பிராந்தி என்று கேட்பவர்கள் சொல்லலாம். இரண்டு பேர் துக்கத்தில் ஒரே மாதிரி உளறுகிறார்கள் என்று சொல்லலாம். இருக்கட்டும். ஆனால் மற்ற அறைகளில் இப்போது நிறையப் பேர் நாலாம் ஷிப்ட் என்று பேசிக்கொள்கிறார்கள், அங்கே இளங்கோவைப் பார்த்தேன் என்றுகூட ஒருவன் சொன்னானாம். அவர்களுக்காகத்தான் இதை உரக்க வாசிக்கப் போகிறேன். பஸ் நினையுங்கள், பிரியாணி நினையுங்கள். செத்துப்போனவனை எழுப்பி நிறுத்த மட்டும் யாருக்கும் துணை போகாதீர்கள்.

இன்னும் ஒன்றைச் சொல்லாமல் உன்னை விடமாட்டேன். தனம் அழுதுகொண்டிருந்தபோது போனில் மகிழினியின் குரல் கேட்டது.

"அம்மா, ஏன் அழுற?"

கவிதா ஏதோ சொல்லிப் பிள்ளையை இழுக்கப் பார்த்தாள். தனம் விடவில்லை. மூக்கை உறிஞ்சிக்கொண்டு, நிறுத்தி, தெளிவாகச் சொன்னாள். "அப்பா செத்துட்டாரு பாப்பா."

"ஷிப்டுக்குப் போகலியா?"

"இல்ல. செத்துட்டாரு. இனிமே வரமாட்டாரு."

 என் வேலைக்காலத்தில் எத்தனையோ டேங்க் வாசலில் பதிலுக்காக நின்றிருக்கிறேன், அவ்வளவு பயந்ததில்லை. அப்புறம் பிள்ளை கேட்டது.

"அப்ப அந்த சிங்கப்பூர் மாமாவும் செத்துட்டாரா?"

"இல்லடி" என்றாள் தனம். "மாமா லைன்ல இருக்காரு. பேசு."

போனைக் காதில் வைத்துக்கொண்டு மூச்சு விடுவது கேட்டது. "மாமா" என்றது. உன்னிடம் எத்தனை தடவை கேட்டிருக்கிறேன், அந்தப் பிள்ளையை என்னோடு ஒரு வார்த்தை பேச வைடா என்று. வீடியோ காலில் என் முகத்தைக் கண்டாலே திரைக்கு வெளியே ஓடிவிடும். இப்போது தானாகக் கூப்பிட்டது. "இருக்கேண்டா தங்கம்" என்றேன். நிஜமா என்று கேட்டது. நிஜம் என்றேன். இன்னொரு தடவை "மாமா" என்று கூப்பிட்டுப் பார்த்தது. இன்னொரு தடவை "இருக்கேன்" என்றேன். அப்புறம் நிறுத்தாமல் கூப்பிட்டுக்கொண்டே இருந்தது மாப்ள. நானும் சொல்லிக்கொண்டே இருந்தேன்.

அடுத்த லீவில் உன் வீட்டுக்குப் போகிறேன். உன்னை எங்கே எரித்தார்கள் என்று பிள்ளை கேட்டால், கையைப் பிடித்துக் கூட்டிப்போய்க் காட்டுவேன், மறைக்கமாட்டேன். அது எந்த நேரத்தில் கூப்பிட்டாலும் எடுப்பேன். நீ இருக்கிற இடத்துக்கு அதையும் விடமாட்டேன், அதன் அம்மாவையும் விடமாட்டேன், நானும் இப்போதைக்கு வரமாட்டேன். கோபித்துக்கொள்ளாமல் படுத்திரு.

உன் பெண்டாட்டியின் அண்ணன்,
உன் மகளுக்குத் தாய்மாமன்,
பாண்டி